இருபத்தெட்டாவது நட்சத்திரம்

அர்ச்சனைக்குப் பூசாரி என் மனைவியின் நட்சத்திரத்தைக் கேட்டார். நான் பதற்றத்தில் "நீலச்சுடர்" என்று உளறித் தொலைத்தேன்.

அது என் விண்வெளித் தொடர்கதையில் வரும் நட்சத்திரம். ஏழு கோள்களைக் கட்டி மேய்க்கிறது. அதன் வயது, சூடு எல்லாம் எனக்கு அத்துப்படி. கட்டியவளின் நட்சத்திரம்தான் மறந்துவிட்டது.

"இருபத்தேழுல அது இல்லையே, அண்ணே" என்றார் பூசாரி.

ஆஸ்பத்திரியில் புனிதவதிக்கு இன்னும் சற்று நேரத்தில் இதய ஆபரேஷன். சாமியைக் கிண்டல் செய்தே பக்கம் நிரப்பிய நான், பயத்தில் பக்கத்து ஊரான அசாம் ஜாவாவின் கோயிலுக்கு ஓடி வந்திருந்தேன். அவளுக்கே போன் செய்தேன்.

"புனிதா, உன் நட்சத்திரம் என்ன?"

"பசியாறிட்டீங்களா?"

"நட்சத்திரம்!"

"அங்க மழையாங்க?"

"கெஞ்சிக் கேட்கிறேன் புனிதா. பூசாரிகிட்ட நீலச்சுடர்னு சொல்லிட்டேன். சாமி உன்னை எங்கே போய்த் தேடும்?"



"உள்ள கூட்டிட்டுப் போக வந்துட்டாங்க. இப்பப் பொய் சொல்ல மனசு வரலைங்க. நான் தோட்டத்துக் கூலிக்காரங்க லயத்து வீட்டுல பொறந்தவ. யாரும் நேரம் குறிச்சு வைக்கல. பொருத்தம் பார்க்க வந்தப்ப, உங்க ஜாதகத்துக்கு ஒத்து வர்ற மாதிரி அப்பா ஒரு நட்சத்திரத்தைச் சொல்லிட்டாரு. இத்தனை வருஷமா அர்ச்சனையெல்லாம் அதுக்குத்தான். ரெண்டுமே கட்டிவிட்ட கதைதானே? நீங்க கட்டினதே இருக்கட்டும் லா."