லாரி ஏற்றி வந்த சரக்கு

காவல் நிலையத்துக்குப் பின்னால் பறிமுதல் வண்டிகளை நிறுத்தும் இடத்தில் ஒரு லாரி எட்டு வருஷமாக நின்றது. மணல் கடத்தியதாகச் சொல்லிப் பிடித்து வந்திருந்தார்கள். அதன் எஞ்சினுக்குள் முளைத்த வேப்பங்கன்று இப்போது லாரியைவிட உயரம்.

போன வாரம் ஒரு டிராக்டரும் பிடிபட்டு வந்தது. நாலே நாளில் புது அதிகாரி அதற்கு நோட்டீஸ் கொடுத்து விசாரணைக்குக் கூப்பிட்டார். திரும்பி வரும்போது டிராக்டர் ஹாரன் அடித்துக்கொண்டே வந்தது.

"சும்மா விட்டுட்டாங்களா?" என்றது லாரி.

"எங்கண்ணே? நான் மணல் அள்ளினது உண்மைதானே! அபராதம் போட்டுட்டாரு."

"அப்புறம் எதுக்குடா இந்தக் குஷி?"

"'உன் பக்கம் என்ன சொல்றே?'ன்னு கேட்டாருண்ணே. நான் சொல்லி முடிக்கிற வரைக்கும் பேனாவையே தொடலை. அந்த மனுஷன் நல்லா இருக்கணும்." டிராக்டர் சட்டென்று நிறுத்தி, "ஆமா, அன்னிக்கு நீங்க என்ன ஏத்திட்டு வந்தீங்க?" என்றது.



"தவிடு," என்றது லாரி. "மாட்டுத் தவிடு. ரொம்ப நன்றிடா தம்பி. இதை என்கிட்டே கேட்ட முதல் ஆள் நீதான்."