அண்ணன் நம்பருக்கு வரும் ஓடிபி

"அந்த ஓடிபிய உங்க அண்ணன்கிட்ட கேட்டா இன்னா ஆயிடும்?" என்றாள் நசீரா.

"கேக்க மாட்டேன்" என்றான் ஆமிர்.

வில்லியனூரில் அந்த வீட்டில் புருஷன் பெண்டாட்டிக்குள் இருபது நாளாக இதே பேச்சுதான்.

பன்னிரண்டு வருஷத்துப் பழைய வீடியோ கேம் பெட்டி. போன மாசம் அதில் ஹார்ட் டிஸ்க் போய்விட்டது. ஆமிர் புதுசு வாங்கி மாட்டினான். பெட்டி ஓடியது. உள்ளே ஒரு கேம் கூட இல்லை.

அது ஒரு பிரச்சினையே இல்லை. எல்லாம் ஆன்லைனில் வாங்கியவை. பழைய கணக்கில் நுழைந்தால் மறுபடி இறக்கிக்கொள்ளலாம். ஆனால் அந்தப் பழைய மாடலுக்கான ஆன்லைன் கடையை இந்த மாசம் முப்பத்தொன்றோடு கம்பெனி மூடுகிறது. அதற்கப்புறம் காசு கொடுத்து வாங்கியவனுக்கும் கிடையாது.

கணக்கு அண்ணன் மாலிக் பேரில் இருந்தது. ஆமிர் அப்போது காலேஜில் படித்துக்கொண்டிருந்தான். பேங்க் கார்டு அண்ணனிடம்தான். பெருநாளுக்குப் பெருநாள் ரெண்டு பேரும் சேர்ந்து ஒரு கேம் வாங்குவார்கள். அப்படிப் பதினாலு சேர்ந்தது. பாஸ்வேர்டு ஆமிருக்குத் தெரியும். ஆனால் டிஸ்க் மாறியதால் பெட்டி ஓடிபி கேட்டது. அது அண்ணன் போனுக்குப் போனது.

அண்ணனோடு பேசி நாலு வருஷம்.

பாகூரில் அத்தாவின் ஜவுளிக்கடையை ரெண்டு மகன்களில் யார் நடத்துவது என்று பேச உட்கார்ந்தபோது, சொந்தக்காரர்கள் எல்லார் முன்னாலும் மாலிக் சொன்னான்: "இவனுக்கு வெளயாட்டுப் புத்தி. கடைய இவன் கையில குடுத்தா மூணு மாசத்துல மூடிடுவான்."

ஆமிர் அன்றைக்கே கிளம்பிவிட்டான். வில்லியனூரில் பெயிண்ட் கடை போட்டான். கடை நன்றாகவே ஓடுகிறது.

"இப்போ போயி, கேம் வெளயாடணும் நம்பர் குடுன்னு அண்ணன்கிட்டயே நிக்கணுமா?"

கேட்காமலே எடுத்துவிடலாம் என்று நம்பினான். கம்பெனிக்கு ஏழு மெயில் போட்டான். பழைய பில்லைத் தேடிப் பிடித்துப் போட்டோ எடுத்து அனுப்பினான். கஸ்டமர் கேரில் ஒரு மணி நேரம் காத்திருந்தான். "பதிவு பண்ணின நம்பருக்கு வர்ற ஓடிபி இல்லாம முடியாது சார்" என்றார்கள். அப்படியும் விடவில்லை. கடைக்குப் போகுமுன் ஒரு தடவை, மதியம் சாப்பிட வரும்போது ஒரு தடவை பெட்டியைப் போட்டு, வேறு வழி ஏதாவது காட்டுகிறதா என்று அழுத்திப் பார்ப்பான். ஓடிபி அனுப்பிவிட்டதாக மட்டும் டிவியில் வரும்.

"ஒவ்வொரு தடவையும் மெசேஜ் அண்ணன் போனுக்குத்தான் போவுது. நான்தான்னு தெரியாதா? ஒரு வார்த்த கேட்டுச்சா? நாலு வருஷத்துல ஒரு பெருநாளைக்காவது போன் பண்ணுச்சா? கல்லு நெஞ்சு."

நசீராவுக்கும் அது நியாயமாகத்தான் பட்டது. மூத்தவர், ஒரு வார்த்தை பேசினால் குறைந்தா போய்விடுவார்?

முப்பத்தொன்றாம் தேதி காலையில் ஆமிர் கடை திறக்கப் போகவில்லை.

"பதினாலும் எறங்கி முடிய சாயங்காலம் ஆயிடும். இப்போ ஆரம்பிச்சாத்தான் உண்டு" என்று போனைக் கையில் எடுத்தான். "திட்டுனா திட்டட்டும். அது என் பொருள். வுட முடியாது."

பெட்டியில் ஓடிபி அனுப்பச் சொல்லி அழுத்தினான். அண்ணனுக்குப் போன் போட்டு ஸ்பீக்கரில் வைத்தான்.

முதல் ரிங்கிலேயே எடுத்துவிட்டான் மாலிக்.

"ஆமிரு?"

"ஆமா. கேமுக்குத்தான் பண்றேன். வெளயாட்டுப் புத்தின்னு சொல்லணும்னா சொல்லிக்க. எனக்கு அந்த ஓடிபி..."

"அஞ்சு, சைபர், ரெண்டு" என்றான் மாலிக். "போட்டியா? எட்டு, எட்டு, ஒண்ணு. சீக்கிரம் போடு. பத்து நிமிஷந்தான் தாங்கும்."

ஆமிர் போட்டான். கணக்கு திறந்தது. பதினாலு கேமும் வரிசையாக வந்து நின்றன. முதல் கேமை அழுத்தினான். இறங்கத் தொடங்கியது.

"வந்துச்சா?"

"வந்துச்சி."

ஆமிர் போனை வைக்கப் போனான்.

"வெச்சிடாத" என்றான் மாலிக். "ஒண்ணு மட்டும் சொல்லு. இருவது நாளா ஒவ்வொரு ஓடிபியும் வந்த ஒடனே உனக்கு அனுப்புறேன். அதுல ஒண்ணு கூடவா நீ போடல? பத்து நிமிஷத்துல செத்துடுமேன்னு, ஏவாரத்த நடுவுல வுட்டுட்டு வந்து அனுப்புனேன்டா."

"எனக்கு எதுவும் வரலியே."

"பெருநாளைக்குப் பண்ணுனாலும் எடுக்க மாட்டேங்குற. சரி, இன்னும் கோவம் தீரலன்னு நெனச்சிக்குவேன்."

"நீ எப்போ பண்ண?"

"எந்தப் பெருநாளைக்குடா பண்ணல?"



நசீரா ஆமிர் கையிலிருந்த போனை வாங்கினாள். எதையோ திறந்தாள், தேடினாள், ஒரு இடத்தில் நிறுத்தினாள். பிறகு அவன் முகத்துக்கு நேரே திருப்பிக் காட்டினாள்.

பிளாக் செய்த நம்பர்கள். பாகூரிலிருந்து கிளம்பிய அன்றைக்கு, பஸ்ஸில் உட்கார்ந்து ஆமிர் தன் கையாலேயே போட்டது. அந்தப் பட்டியலில் ஒரே ஒரு பேர்தான் இருந்தது.

அண்ணன்.