முடிச்சுப் பரீட்சை

"12-6-1963, புதன். இன்று ஒரு தவறு செய்தேன். கணேசபாண்டியனின் விடைத்தாளில் கடைசிப் பக்கத்தைக் கூட்டாமல் விட்டு, ஃபெயில் என்று சொல்லிவிட்டேன்."

மாட்டுங்கா மாலை வகுப்பில் ஆட்கள் கலைந்த பிறகு, நாணு வாத்தியார் டைரியில் இதை எழுதிவிட்டு, சரியாகத்தான் எழுதினோமா என்று இன்னொரு முறை படித்துப் பார்த்தான்.

செம்பூர்க் கம்பெனி ஆட்களை வேறு வருஷங்களுக்கு வேலைக்கு அனுப்பும். இடியப் போகிற சுவருக்கு முன்கூட்டியே போய் முட்டுக் கொடுப்பது போன்ற வேலை. இடுப்பில் கயிறு கட்டி அனுப்புவார்கள். அதைப் பிடித்து இழுத்துத்தான் திரும்ப வரவழைப்பார்கள். நாணு கையெழுத்திட்ட பாதுகாப்புச் சர்டிபிகேட் இல்லாமல் யாரும் போக முடியாது.

கணேசபாண்டியன் இந்த வேலையை நம்பி, போன மாதம்தான் கல்யாணம் செய்துகொண்டவன். முகம் செத்துப்போய்த்தான் வீட்டுக்குப் போனான்.

கதவு படாரென்று திறந்தது. தலை முழுக்க நரைத்த ஓர் அம்மாள், முந்தானையை இடுப்பில் இறுகச் சுற்றிக்கொண்டு வந்து நின்றாள்.

"இங்க மார்க்கு போடுத மகராசன் யாரு? நீங்கதானா?"

"நான்தாம்மா. உக்காருங்கோ."

"உக்காரவா வந்தேன்? ஒங்க கூட்டலும் கழித்தலும் ஒரு குடும்பத்தையே தெருவுல நிறுத்திட்டுல்லா!"

நாணுவுக்கு விஷயம் புரிந்துவிட்டது. ஆனாலும் முறைப்படிக் கேட்டான். "உங்க பையன் பேரு?"

அவள் அவனை முறைத்தாள். சுவரில் மாட்டியிருந்த வகுப்புப் போட்டோவுக்கு அருகே போய், கணேசபாண்டியன்மேல் விரலை வைத்து அழுத்தினாள். கோபத்தில் பெயர்கூட வாயில் வரவில்லை போலும் என்று நாணு நினைத்தான்.

"பேப்பர்ல எழுதுனத எண்ணிப் பாத்திய. இடுப்புல கட்டுன முடிச்ச ஒரு தடவையாவது இழுத்துப் பாத்தியளா?"

"முடிச்சுப் பரீட்சைக்கு நேரம் ஆறதுன்னு கம்பெனி அதை எடுத்துடுத்தும்மா. இப்ப எழுத்துப் பரீட்சை மட்டும்தான்."

"கம்பெனிக்காரன் எடுப்பான். போறது அவன் உசிரா? அவன் சொன்னான்னு நீங்களும் தலைய ஆட்டிக்கிட்டு இருந்திய! இதுல வாத்தியாருன்னு பேரு வேற!"

நாணுவின் காது சுட்டது. விடைத்தாளை எடுத்து, கூட்டாமல் விட்ட பக்கத்தைக் காட்டினான்.

"தப்பு என்னோடதுதான். உங்க பையன் பாஸ். காலம்பற முதல் வேலையா சர்டிபிகேட்டைக் கையில் குடுத்துடறேன்."

அவள் மேஜையில் ஓங்கி அறைந்தாள். மைக்கூடு கவிழ்ந்தது.

"குடுத்தீயன்னா கைய ஒடிப்பேன்!"

அறைந்த வேகத்தில் முந்தானை நழுவியது. அவள் இடுப்பில் கம்பெனிக் கயிறு. முடிச்சு பக்கா. கயிற்றின் மறுநுனி வாசலைத் தாண்டி வராந்தா வரை போய், அந்தரத்தில் விறைப்பாக நின்று மறைந்திருந்தது.

நாணு எழுந்துவிட்டான். "நீங்க எந்த வருஷத்துலேர்ந்து வரேள்?"

"நீங்க சர்டிபிகேட்டக் குடுத்து, கயிறு மட்டும் ஆளில்லாமத் திரும்பி வந்து, என் தலை இப்படி வெளுத்துப்போன வருசத்துலேருந்து."

கயிறு அவளைப் பின்னால் இழுத்தது. கதவைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

"பெத்த பிள்ளையைப் பறிகொடுத்துட்டு..." என்று நாணு தொடங்கினான்.

"பெத்த பிள்ளையா? அவுக எம் புருசன்யா. நாளைக்கும் ஃபெயிலுன்னே எழுதும்!"