சொந்தப் பிரஜைகள்

“ரெண்டாம் உலகப் போர்ல ஜெர்மன்காரன் வந்து பிடிக்கலப்பா. பிரான்சோட சொந்தப் போலீசே வீடு வீடாப் போய் யூதர்களைப் பிடிச்சு அவன்கிட்ட ஒப்படைச்சிருக்கு. அதுல எத்தனையோ பேர் பிரெஞ்சுப் பிரஜைகள்!”

மதுரைக் கல்லூரியிலிருந்து லீவுக்குக் கொடைக்கானல் வந்திருந்த இசபெல்லா விடுவதாக இல்லை.

அவளுடைய அப்பா, ஏட்டு அடைக்கலம், பூட்ஸ் கயிற்றை இறுக்கினார். “மேலேருந்து உத்தரவு வந்தா போலீஸ்காரன் என்னத்தா செய்வான்?”

“முடியாதுன்னு சொல்லணும். சரி, இன்னைக்கு உங்களுக்கு என்ன உத்தரவு?”

“மரப்பட்டை உரிக்கிற கேம்ப்லருந்து சிலோன்காரப் பொம்பளை ஒருத்தி பிள்ளையோட ஓடிட்டாளாம். பிடிச்சு காண்ட்ராக்டர்கிட்ட விடணும்.”

“அடைச்சு வச்சு வேலை வாங்குறவனுக்குப் போலீஸ் எடுபிடியா? அந்தப் பிரெஞ்சுப் போலீசுக்கும் உங்களுக்கும் என்னப்பா வித்தியாசம்? வெட்கமா இல்ல?”

அவர் தொப்பியை எடுத்துக்கொண்டு போலீஸ் லைனை விட்டு வெளியேறினார்.

ஜெயித்துவிட்ட சூட்டோடு இசபெல்லா காபி கலந்துகொண்டிருந்தபோது கொல்லைக் கதவு தட்டப்பட்டது.

மழையில் தொப்பலாக ஒரு பெண். இடுப்பில் குழந்தை. காலெல்லாம் அட்டைக்கடி.

“எம்பேரு வீரம்மாள். கேம்ப்லருந்து வாறேன் தங்கச்சி. இருட்டுற வரைக்கும் உள்ள ஒரு மூலையில இருந்துக்கிறோம்.”

இசபெல்லா கதவைப் பாதி சாத்திப் பிடித்துக்கொண்டாள். ஏட்டு வீட்டிலேயே இவர்களைக் கண்டுபிடித்தால்? அப்பாவின் வேலை? தன் படிப்பு?

“அகதிகளுக்கு மண்டபத்துல முகாம் இருக்கே. அங்க போகலாமில்ல?”

“நாங்க அகதி இல்ல தங்கச்சி. கவர்மெண்டே ஒப்பந்தம் போட்டு சிலோன்லருந்து கப்பல்ல கூட்டியாந்துச்சு. இந்தியப் பிரஜைங்க.”

சுருக்கென்று தைத்தது. ஆனாலும் கதவைப் பிடித்த கை இளகவில்லை.

“இங்க எல்லாம் போலீஸ்காரங்க வீடும்மா. யாராவது பார்த்துரப் போறாங்க. வெரசாப் போயிருங்க.”

வீரம்மாள் குழந்தையை முந்தானையால் மூடிக்கொண்டாள்.

“மன்னிச்சுக்கங்க தங்கச்சி, இந்த லயத்து வீட்டு வரிசையில வீடு மாறித் தட்டிட்டேன் போல. முக்குல ஒரு ஏட்டையா, ‘பயப்படாமப் போ. எம் மக படிச்ச புள்ள, ஒண்ணும் கேக்காமக் கதவைத் தொறப்பா’ன்னு சொல்லி அனுப்புனாரு. அந்த வீடு எதுன்னு மட்டும் காட்டிவிடுங்க.”