கணவாய் அடி

"வெள்ளிக்கிழமை நீ கார் விபத்துல சாகிறே, வால்தேமார்."

"கார் பாலத்துல இருந்து விழுதா சார்?"

"கார் ஏது? நீ செத்த சேதி போன்ல வரும். செலவு மிச்சம்," என்றார் டிவி தொடரின் தயாரிப்பாளர் அபீலியு.

வால்தேமார் இருபது வருஷமாக நடிக்கிறவன். சினிமாவில் பிணமாகப் படுத்தான், டிவியில் காபித் தட்டு ஏந்தினான். இப்போதுதான் வில்லன் வேஷம் கிடைத்திருந்தது. திராட்சைத் தோட்டத்துக்காகப் பெற்ற தாயை முதியோர் விடுதியில் தள்ளிய மகன். இதுவும் போனால் மறுபடி தட்டுதான்.

கெஞ்சினான். சீரியல்காரர்கள் கெஞ்சலுக்கா இரங்குவார்கள்? கடைசியில் அபீலியு ஒன்றுக்கு ஒத்துக்கொண்டார். லிஸ்பனில் தயாரிப்பாளர்கள் நம்புகிற கணக்கு ஒன்றுதான். வில்லன் மீன் சந்தைக்குள் நுழைந்தால் மீன்காரிகள் வைய வேண்டும். வையாவிட்டால் அவன் ஏற்கெனவே செத்தவன். நாளைக்கே பக்கத்துத் துறைமுக ஊரான செத்தூபல் சந்தையில் பார்த்துவிடலாம் என்றார்.

"செத்தூபல் வேண்டாம் சார். இங்கேயே சந்தை இருக்கே."

"இங்க வர்றவன் பூரா டூரிஸ்ட். அவனா உன்னை வைவான்?"

மறுநாள் காலை சந்தைக்குள் நுழைந்தார்கள். மத்தி விற்கிறவள் வால்தேமாரின் கன்னத்தைக் கிள்ளி, மெலிந்துவிட்டானே என்று அங்கலாய்த்தாள். அடுத்தவள் ஒரு கை சிப்பியை அள்ளிச் சும்மா கொடுத்தாள். மூன்றாமவள் தோளில் கைபோட்டுப் போட்டோ எடுத்துக்கொண்டு, "கடைசி வரிசைக்குப் போனியாப்பா?" என்று கேட்டுவிட்டு வாயைப் பொத்திச் சிரித்தாள்.

அபீலியுவின் முகம் சாவு வீட்டு முகமாகிவிட்டது. "வில்லனைக் கொஞ்சறாளுங்க. நீ போயாச்சுப்பா."

அந்த வரிசையில் நாற்றம் தாங்காது, கிளம்பலாம் என்று வால்தேமார் அவர் சட்டையைப் பிடித்து இழுத்தான். இழுத்தால் அவர் வருவாரா? நேரே அங்கேதான் போனார்.

கறுப்பு உடுப்பில் ஒரு கிழவி கணவாய் மீன் கழுவிக்கொண்டிருந்தாள். நிமிர்ந்தாள். கையிலிருந்த கணவாயால் வால்தேமாரின் கன்னத்தில் ஓர் அறை விட்டாள். கணவாயின் கறுப்பு மை அவன் மூக்கிலிருந்து வழிந்து வெள்ளைச் சட்டையில் இறங்கியது.

"தூ, பெத்தவ ஒருத்தி இருக்காளே, செத்தாளா பொழைச்சாளான்னு ஒரு நாள் எட்டிப் பாத்தியாடா? இந்த மூஞ்சிக்குப் பவுடர் வேற."

கூட்டம் கூடிவிட்டது. நல்லாக் கேளு, இன்னொண்ணு போடு என்று எல்லாக் கடையிலிருந்தும் குரல் வந்தது. வால்தேமார் தலை நிமிரவில்லை. அபீலியுவுக்குக் கண் கலங்கியே விட்டது.

"இதுதாம்பா நடிப்புக்குக் கூலி. சாவு ரத்து. இன்னும் ஒரு வருஷம் நீ உயிரோட இருக்கே. இனி ஞாயித்துக்கிழமையும் ஷூட்டிங்," என்று சொல்லிவிட்டு, போன் பேச வெளியே ஓடினார்.

கிழவி ஏப்ரன் நுனியால் வால்தேமாரின் மூக்கைப் பிடித்துத் துடைத்தாள்.

"வீட்டு டிவி ரிப்பேராகி ரெண்டு வருஷம் ஆச்சு, நீ என்ன வேஷம் கட்டறேன்னு நான் எங்க கண்டேன்? அந்த ஆள் உன்னை வெள்ளிக்கிழமை சாகவிட்டிருந்தா, ஞாயித்துக்கிழமை சூப் குடிக்கவாவது வீட்டுக்கு வந்திருப்பே, மகனே."