தும்மல் பூண்டு

வேலிக்கு அப்பால், பக்கத்து வீட்டு வெண்டெலின் தோட்டத்தில் பாத்தி கட்டி, வரிசை வரிசையாக நின்ற செடிகளைப் பார்த்ததும் எடெல்காவுக்குத் தும்மலோடு கோபமும் பொத்துக்கொண்டு வந்தது. ஹங்கேரியே சபிக்கும் தும்மல் பூண்டு என்ற களை அது. வெட்டாமல் விட்டால் அபராதம்.

“ஏம்பா வெண்டெல், களைக்குத் தண்ணி வேற பாய்ச்சுறியா?”

“முறையா அனுமதி வாங்கித்தான்க்கா...”

“உன் அனுமதி என் மூக்குக்குத் தெரியுமா? தும்முறவ பஸ் ஓட்டக் கூடாதுன்னு டிப்போக்காரன் ஆகஸ்ட் பூரா சம்பளமில்லாம உக்கார வெச்சிட்டான். குளிர்காலத்துல டாக்டர் சொட்டு மருந்து ஆரம்பிக்கிறேன்னிருக்காரு. அதுவரைக்கும் நான் சாகவா?”

“இதை வெட்டிட்டா, கேக்குறவங்களுக்கு நான் என்னக்கா சொல்றது?”

“எடெல்கா வெட்டினான்னு சொல்லு.”

மறுநாள் காலை அரிவாளோடு அவன் தோட்டத்தில் இறங்கினாள். தும்மிக்கொண்டே ஒரு செடி மிச்சமில்லாமல் சாய்த்தாள். தெருவே கைதட்டியது. எதிர்வீட்டுக்காரர் பழச்சாராயம் ஊற்றிக் கொடுத்தார்.

குளிர்காலத்தில் டாக்டர் உதட்டைப் பிதுக்கினார்.

“சொட்டு மருந்து இந்த வருஷம் வரலைம்மா. அடுத்த ஆகஸ்ட்லயும் நீங்க பஸ் ஓட்ட முடியாது.”

“ஏன் வரலை?”

“அந்தப் பூண்டோட மகரந்தத்துலேருந்துதான் மருந்தே எடுக்கிறாங்க. அதுக்குன்னு ஒருத்தர் வளர்த்த தோட்டத்தை யாரோ ஒரு பொம்பளை மொட்டையடிச்சுட்டாளாம்.”

 எடெல்கா நாற்காலியைத் தள்ளிவிட்டு எழுந்தாள்.

“யாரோ இல்லை டாக்டர், எடெல்கா. வர்ற வசந்தத்துல என் வாசல்லயே விதைக்கிறேன். எவ அரிவாளைத் தூக்கிட்டு வர்றான்னு பார்க்கிறேன்.”