ஒரு தச்சருக்கு ஒரு அப்ரண்டிஸ்

முதல் நாளே கதவு நிலையை மயிரிழை பிசகாமல் நிறுத்திய மிஷினுக்கு எதைச் சொல்லிக்கொடுப்பதென்று சகாயமேரிக்குத் தெரியவில்லை. ஆனாலும் மூன்று வருடமாக அது அவளுடைய அப்ரண்டிஸ். சங்கத் தச்சரிடம் தொழில் பழகாத எந்த மிஷினும் வேலைக்கு வரக்கூடாது என்ற தீர்மானத்துக்கு முதல் ஆளாகக் கை தூக்கியவளே அவள்தான்.

இப்போது டிரைவர் வேலை போன கணவன் தச்சு பழக வேண்டும் என்கிறான்.

"ஒரு தச்சருக்கு ஒரு அப்ரண்டிஸ்தாம்மா" என்றார் சங்கச் செயலாளர்.

"அந்தச் சனியனை வேற யார் தலையிலாவது கட்டுங்கண்ணே. எங்க வீட்டுக்காரரு சும்மா உக்காந்திருக்காரு."

"அடுத்த மாசம் அதுக்குப் பயிற்சி முடியுது. உங்ககிட்ட வேற மிஷின் வந்துரும்."

"அப்ப அவரு?"

"பயிற்சி முடிச்ச மிஷினும் இனிமே சங்கத் தச்சர்தானே. அதுகிட்டயே அவரைச் சேத்துவிட்ருவோம்."